அடுத்த தேதி

ஐஸ் பேக்கைக் காதோரம் வைத்து ஆட்டிப் பார்க்க வேண்டும். உள்ளே தண்ணீர் சளசளவென்று சத்தம் போட்டால்தான் தடுப்பூசிப் பெட்டிக்குள் வைக்கலாம். ஃப்ரீசரிலிருந்து எடுத்த கையோடு சொருகினால் பக்கத்தில் இருக்கும் முத்தடுப்பு மருந்தும் டி.டி.யும் உறைந்துபோகும். உறைந்த மருந்து பார்வைக்கு மருந்துதான், உடம்புக்குள் போய் வேலை செய்யாது. புதுச்சேரியின் வில்லியனூர், பாகூர் கொம்யூன்களில் ஏ.என்.எம். நர்ஸாக இருந்த காலம் முழுக்க புதன்கிழமைக் காலைகள் எனக்கு இந்தச் சத்தத்தோடுதான் தொடங்கின. பெட்டியைத் தோளில் மாட்டிக்கொண்டு பஸ்ஸை விட்டு இறங்கினால், "ஊசி அக்கா வந்துடுச்சி" என்று பிள்ளைகள் ஓடி ஒளிவார்கள்.

பிரம்மபுத்திராவின் நடுவே ஒரு மணல் திட்டில், தகரக் கொட்டகைப் பள்ளிக்கூடத்தின் திண்ணையில் உட்கார்ந்து, எனக்குத் தெரியாத மொழி பேசும் ஒரு நர்ஸ் பெண் ஐஸ் பேக்கைக் காதோரம் ஆட்டினாள். பிறகு மருந்துக் குப்பியைத் தூக்கி, லேபிளில் உள்ள வட்டத்துக்குள் இருக்கும் சின்னச் சதுரத்தை வெளிச்சத்தில் பார்த்தாள். சதுரம் வட்டத்தைவிட வெளுப்பாக இருக்கும்வரை மருந்து நல்ல மருந்து. கறுத்துவிட்டால் சூடு பட்டுக் கெட்டுப்போனது என்று அர்த்தம். அவள் தலையை ஆட்டினாள், நானும் ஆட்டினேன். அதற்குப் பிறகு எங்களுக்குள் மொழிபெயர்ப்பாளர் அவ்வளவாகத் தேவைப்படவில்லை.

நான் அங்கே போனது கல்யாணத்துக்கு. காலாப்பட்டுப் பல்கலைக்கழகத்தில் என் மகளோடு படித்த அஸ்ஸாம் பெண் ஒருத்தி பாதி நாள் எங்கள் பிள்ளைச்சாவடி வீட்டில்தான் சாப்பிடுவாள். மீனைப் புளிப்பாகச் சமைப்பது அவர்கள் ஊரிலும் உண்டாம், மிளகாய்தான் அவளுக்கு ஒத்துவரவில்லை. அவள் கல்யாணத்துக்காக காட்பாடியில் விவேக் எக்ஸ்பிரஸ் ஏறினோம். கன்னியாகுமரியிலிருந்து 4,000 கிலோமீட்டருக்கு மேல் ஓடி திப்ரூகரில் நிற்கும் வண்டி அது. ஏறியதிலிருந்து என் மகளுக்கு ஒரே கேள்வி, இன்னும் எத்தனை மாநிலம் பாக்கி என்று. திப்ரூகர் போய் ஆற்றைப் பார்த்ததும் நான் கேட்டது, எதிர்க்கரை எங்கே என்று. கடற்கரையில் பிறந்தவளுக்கே அதைக் கடல் என்று சொல்லத்தான் வாய் வந்தது.

பெண்ணின் சித்தி மகள்தான் அந்த நர்ஸ். படகில் வேலை என்றாள். நானும் ஏதோ ஆம்புலன்ஸ் மாதிரி அவசரத்துக்கு ஓடும் மோட்டார் படகு என்று நினைத்துக்கொண்டேன். கல்யாணக் களைப்பு தீர்ந்ததும் ஒருநாள் அனுமதி வாங்கி என்னையும் ஏற்றிக்கொண்டாள். உள்ளே டாக்டர் பார்க்கும் இடம், மருந்து அலமாரி, ரத்தம், சிறுநீர் பார்க்க ஒரு மூலை, சமையல்கட்டு, படுக்கப் பலகைகள். டாக்டர்கள், நர்ஸ்கள், மருந்தாளர், லேப் ஆள், படகோட்டிகள் எல்லாருக்கும் அதிலேதான் சாப்பாடு, தூக்கம். ஒரு திட்டில் முகாம் முடிந்தால் அடுத்த திட்டு, அப்படியே ஒரு சுற்று முடித்துத்தான் கரை திரும்புவார்கள்.

முகாமுக்கு வருகிறவர்களில் கர்ப்பிணிகள் உண்டு. பிரசவமும் படகும் என்றால் எனக்கு ஆயா ஞாபகம் வராமல் இருக்காது. அம்மாவைப் பெற்ற ஆயா. 1950 மாசி மாதம் மாமா அவள் வயிற்றில் இருந்தார். காலாப்பட்டும் பிள்ளைச்சாவடியும் அப்போது பிரெஞ்சுக்காரன் பூமி, ஆனால் தீவு மாதிரி தனியாகக் கிடந்த பூமி. புதுச்சேரிக்குப் போக வேண்டுமென்றால் நடுவே பொம்மையார்பாளையம், கோட்டக்குப்பம் என்று இந்தியாவைத் தாண்ட வேண்டும். இன்றைக்கும் அப்படித்தான், தமிழ்நாட்டைத் தாண்டித்தான் எங்கள் தலைநகருக்குப் போகிறோம். இப்போது பஸ்ஸில் தூங்கிக்கொண்டே தாண்டிவிடலாம். அப்போது 1949இல் சுங்க ஒப்பந்தம் முறிந்துபோய், நுழைய ஒரு சோதனை, வெளியேற ஒரு சோதனை. ஆயாவுக்கு வலி கண்டு ஒரு பகல் ஒரு ராத்திரி ஆகியும் பிள்ளை இறங்கவில்லை. மாட்டுவண்டியில் வைத்து ரெண்டு சோதனைச் சாவடியில் நிற்பதா என்று தாத்தா யோசித்தார். வாடைக்காற்று வீசுகிறது, தெற்கே போகக் கடலே தூக்கிக்கொடுக்கும் என்று படகில் ஏற்றிவிட்டார்கள். கூட மருத்துவச்சிக் கிழவி.

கோட்டக்குப்பத்துக்கு நேராகப் போகும்போது மாமா பிறந்துவிட்டார். டவுனுக்குப் போகும் வேலை இல்லை என்று படகைத் திருப்பப் பார்த்திருக்கிறார்கள். காற்று இப்போது எதிர்க்காற்று. வேறு வழியில்லாமல் புதுச்சேரிக் கரையிலேயே ஏறி, பிள்ளையைப் பதிந்துவிட்டு, மறுநாள் வண்டியில் வந்து ரெண்டு சாவடியிலும் நின்றிருக்கிறார்கள். கணக்கில் இல்லாத ஒரு ஆள் எப்படி வந்தான் என்று சிப்பாய் கேட்டானாம். மாமா சாகும்வரை, "நான் பிரெஞ்சுக் கடல்ல பொறந்தனா, இந்தியக் கடல்ல பொறந்தனான்னு நேருவுக்கும் தெரியாது" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

ஊரே சிரிக்கும் கதைதான். ஆனால் ஆயா அதைச் சொல்லும்போது கடைசியில் ஒரு வரி சேர்ப்பாள். அதே வருஷம் அதே தெருவில் இன்னொருத்தி, ஐப்பசியில், கடல் பொங்கிக் கிடந்த நாளில் வலி கண்டாள். அவளுக்குப் படகும் இல்லை, வண்டியும் இல்லை.

அஸ்ஸாமில் அந்த மாதிரி இன்னொருத்தியின் கதையிலிருந்துதான் இந்தப் படகே கிளம்பியிருக்கிறது. ஆற்றுத் திட்டு ஒன்றில் ஒரு கர்ப்பிணி, கரைக்கு நேரத்தோடு வர முடியாமல் செத்துப்போனாள் என்ற செய்தி சஞ்சய் ஹசாரிகாவின் காதுக்கு வந்தது. அவர் பத்திரிகைக்காரர், நியூயார்க் டைம்ஸுக்கு எழுதியவர். வடகிழக்கு ஆய்வுக்கென்று ஒரு மையம் நடத்திக்கொண்டிருந்தார். ஜனம் ஆஸ்பத்திரிக்கு வர முடியாவிட்டால் ஆஸ்பத்திரி ஜனத்திடம் போகட்டும் என்ற அவர் யோசனைக்கு 2004இல் உலக வங்கியின் போட்டி ஒன்றில் பரிசு கிடைத்தது. அந்தப் பணத்தில் திப்ரூகரின் மைஜான் கரையில் மரப்படகு கட்டி, 2005இல் ஆற்றில் இறக்கினார்கள். பெயர் 'அகா', நம்பிக்கை என்று பொருளாம். 2008இல் தேசிய ஊரக சுகாதார இயக்கம் கைகொடுத்த பிறகு ஒன்று பலவாகி, 13 மாவட்டங்களில் 15 படகுகள் ஓடின. நடத்துவது தொண்டு நிறுவனம், பெரும்பாலும் அரசாங்கப் பணம். எனக்கு அந்த ஏற்பாடு பிடித்திருந்தது. தொண்டர்களுக்குப் போகும் மனசு இருக்கிறது, அரசாங்கத்திடம் ஐஸ் பெட்டி இருக்கிறது. ஒன்றில்லாமல் மற்றொன்று திட்டு வரைக்கும் போய்ச் சேராது.

திட்டிலேயே ஒரு துணை சுகாதார நிலையம் கட்டினால் என்ன என்று கேட்டேன். அரசாங்க வேலை பார்த்தவளுக்கு முதலில் கட்டடம்தானே தோன்றும். நர்ஸ் பெண் சிரித்துவிட்டு ஆற்றின் ஓர் இடத்தைக் காட்டினாள். போன வருஷம் முகாம் போட்ட ஊர் அங்கேதான் இருந்ததாம். தண்ணீர்தான் தெரிந்தது. ஊர்க்காரர்கள் வீட்டைப் பிரித்து, மூங்கிலையும் தகரத்தையும் படகில் ஏற்றிக்கொண்டு வேறு திட்டுக்குப் போய்விட்டார்கள். அந்தப் பக்கம் மிசிங் மக்கள் மூங்கில் கால் நட்டு உயரத்தில் வீடு கட்டுகிறார்கள். 1950 ஆகஸ்ட் 15 அன்று வந்த பூகம்பம் ரிக்டர் அளவில் 8.6. மலை சரிந்து விழுந்த மண்ணெல்லாம் ஆற்றுப் படுகையை உயர்த்திவிட, திப்ரூகர் ஊரிலேயே பெரும் பகுதியை ஆறு அரித்துக்கொண்டு போனது. அதிலிருந்து ஆறு நின்ற இடத்தில் நிற்பதில்லை. 2002–03இல் எடுத்த கணக்கில் அஸ்ஸாமின் ஆற்றுத் திட்டுகளில் 2,251 கிராமங்கள், ஏறத்தாழ 25 லட்சம் ஜனம். புதுச்சேரி மாநிலம் மொத்தமும் அப்போது அதில் பாதிகூட இல்லை.

நிலம் நிற்காது என்பதை எனக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. நான் சிறுமியாக ஓடி விளையாடிய மணல் பிள்ளைச்சாவடியில் இன்றைக்குக் கிடையாது. வலை காயப்போட்ட இடம், படகு ஏற்றி வைத்த இடம், அதற்கும் மேலே தென்னை வரிசை, எல்லாம் கடலுக்குள். எங்கள் கரையில் வருஷத்தின் பெரும்பகுதி நீரோட்டம் மணலைத் தெற்கிலிருந்து வடக்கே தள்ளிக்கொண்டு வரும். 1980களின் கடைசியில் அரியாங்குப்பம் ஆற்று முகத்தில் துறைமுகத்துக்காகக் கடலுக்குள் கல் அணை நீட்டினார்கள். வருகிற மணல் அதற்குத் தெற்கேயே தங்கிவிட்டது. வடக்கே இருக்கும் ஊர்களுக்கு மணல் வரத்து இல்லை, அரிப்பு மட்டும் நிற்கவில்லை. முதலில் டவுன் கரையில் கல் கொட்டினார்கள், அரிப்பு அடுத்த குப்பத்துக்கு ஏறியது. அங்கே கொட்டினார்கள், அதற்கடுத்த ஊருக்கு. இப்படி ஒவ்வொரு ஊராகக் கைமாறி எங்களிடம் வந்தது. தூண்டில் வளைவு போடு என்று எங்கள் ஜனம் ரோட்டில் உட்கார்ந்தது. போட்டால் எங்களுக்கு வடக்கே இருப்பவர்கள் உட்கார வேண்டிவரும்.

படகில் இதைச் சொன்னபோது சுக்கான் பிடித்திருந்த பெரியவர் ஒன்று கேட்டார், நர்ஸ் பெண் இந்தியில் சொன்னாள். உங்கள் ஊரைக் கடல் தின்கிறது, சரி, எங்கேயாவது திருப்பிக் கொடுக்கிறதா? எங்கள் ஆறு ஓர் இடத்தில் தின்றால் இன்னோர் இடத்தில் திட்டு போட்டுக் கொடுத்துவிடும். நான் யோசித்துப் பார்த்தேன். கொடுக்கத்தான் செய்கிறது, துறைமுகத்துக்குத் தெற்கே. அங்கே எங்களுக்குப் பட்டா இல்லை.

அன்றைக்கு முகாமில் ஒரு பெண். இருபது வயதுகூட இருக்காது, எட்டாம் மாதம். வரிசையில் உட்காரும்போதே அவள் காலைப் பார்த்துவிட்டேன். செருப்பு வார் பதிந்த பள்ளம் செருப்பைக் கழற்றியும் போகவில்லை. நர்ஸ் பெண்ணும் பார்த்துவிட்டாள். கணுக்காலுக்கு மேலே கட்டைவிரலால் அழுத்தி எடுத்தாள், குழி அப்படியே நின்றது. முகத்திலும் லேசான உப்பல். பிரஷர் பார்த்தார்கள், கூடுதல். கொஞ்ச நேரம் இடப்பக்கம் ஒருக்களித்துப் படுக்க வைத்துவிட்டு மறுபடி பார்த்தார்கள், அப்போதும் கூடுதல். சிறுநீரில் புரதம். டாக்டர் அவளிடம் கேட்டது தலைவலி உண்டா, கண் மங்குகிறதா என்பதுதான். பாகூர்ப் பக்கம் நானும் அதே ரெண்டு கேள்வியைத்தான் அதே வரிசையில் கேட்பேன்.

இன்றைக்கே கரைக்குக் கூட்டிப்போக வேண்டும் என்றார் டாக்டர். மாமியார் ஒப்பவில்லை. மாடு இருக்கிறது, அறுப்பு இருக்கிறது, மகன் வேலைக்குப் போயிருக்கிறான், கால் வீங்காத கர்ப்பிணி யார் என்று ஒரே மூச்சில் சொன்னாள். அந்த மாமியாரை எனக்கு நன்றாகத் தெரியும். வில்லியனூரிலும் இருந்தாள், பாகூரிலும் இருந்தாள். நர்ஸ் பெண் சண்டை போடவில்லை. கரையில் உங்கள் சொந்தக்காரர் யார், ஆஸ்பத்திரிக்கு அவர் வீடு எவ்வளவு தூரம், கூட யார் வருவீர்கள் என்று ஒவ்வொன்றாகக் கேட்டாள். போவதா வேண்டாமா என்ற பேச்சையே எடுக்கவில்லை. கடைசியில் மாமியாரே துணி மூட்டையோடு படகில் ஏறினாள். "பைதேவ்" என்று நர்ஸைக் கூப்பிட்டு, மாட்டுக்குத் தண்ணீர் காட்டச் சொல்லிப் பக்கத்து வீட்டில் சொல்லிவிட்டு வா என்று வேலையும் வைத்தாள். நம் ஊரில் அக்கா என்று கூப்பிட்டுக் கீரை நறுக்கச் சொல்வதில்லையா, அதேதான்.

சாயங்காலம் ஆற்றில் திரும்பும்போது மனசுக்குள் ஒரு கணக்கு ஓடியது. எந்தச் சாவிலிருந்து இந்தப் படகு பிறந்ததோ, அந்த ராத்திரிக்கு இந்தப் படகு வராது. மாதம் ஒருமுறை வருவது, நடுராத்திரி வலி கண்டவளுக்கு எப்படி உதவும்? பனிக்காலத்தில் ஆறு வற்றினால் ஊருக்கு அருகிலேயே போக முடியாதாம், பெட்டிகளைத் தோளில் வைத்து மணலில் நடப்பார்களாம். வெள்ளத்தில் முகாம் போடத் தரையே இருக்காது, படகிலேயே பார்த்து அனுப்புவார்களாம். ஆனால் அந்த ராத்திரி என்பது திடீரென்று வருவதல்ல. ரத்தசோகையாக நாலாம் மாதமும், கால் வீக்கமாக ஏழாம் மாதமும் முன்கூட்டியே ஆள் அனுப்பிவிட்டுத்தான் வருகிறது. அதை வாசலிலேயே பார்த்துவிட ஒரு கண் வேண்டும். ஒருமுறை பார்த்தால் போதாது, போன மாதம் எவ்வளவு இருந்தது என்று தெரிந்த கண்ணாக இருக்க வேண்டும்.

2004–06 கணக்கில் உயிரோடு பிறக்கும் லட்சம் பிள்ளைகளுக்கு அஸ்ஸாமில் 480 தாய்மார்கள் செத்தார்கள், தமிழ்நாட்டில் 111. 2018–20இல் அஸ்ஸாமில் 195, தமிழ்நாட்டில் 54. அந்த இறக்கத்தில் படகுகளின் பங்கு எவ்வளவு என்று பிரித்துச் சொல்ல எனக்குத் தகுதி இல்லை. ரோடு, 108, ஆஸ்பத்திரிப் பிரசவத்துக்கு உதவித்தொகை எல்லாம் சேர்ந்த வேலை அது.

படகில் நோயாளியைக் கைமாற்றி ஏற்றும் காட்சி எனக்கு இன்னொரு ஞாபகத்தையும் கிளப்பியது. 2009, இலங்கைப் போரின் கடைசி மாதங்கள். நான் வேலையில் இருந்தேன். பிப்ரவரியிலிருந்து மே வரை, செஞ்சிலுவைச் சங்கம் வாடகைக்கு எடுத்த 'கிரீன் ஓஷன்' என்ற கப்பல், புதுமாத்தளன் பக்கத்துக் கரையிலிருந்து காயம்பட்டவர்களை ஏற்றிக்கொண்டு போனது. முதலில் திருகோணமலைக்கு, பிறகு புல்மோட்டைக்கு. புல்மோட்டையில் இந்தியாவிலிருந்து போன மருத்துவக் குழு ஆஸ்பத்திரி போட்டிருந்தது. கப்பல் கரைக்கு வர முடியாது. மீனவர்களின் சின்னப் படகுகளில் காயக்காரர்களைக் கொண்டுபோய் கடலிலேயே மாற்றி ஏற்றினார்கள். காயம்பட்டவர்களும் துணைக்கு வந்தவர்களுமாக 13,000 பேருக்கு மேல். எங்கள் ஊர் ஆட்கள் அந்தப் படத்தைப் பேப்பரில் பார்த்துவிட்டு, அலையில் ஆடும் படகிலிருந்து ஒரு முதுகெலும்பு முறிந்தவனைத் தூக்கிக் கொடுப்பது என்றால் எத்தனை கை வேண்டும், யார் எங்கே நிற்க வேண்டும் என்று பேசிக்கொண்டிருந்தார்கள். வேறு எதைப் பேசுவதென்று தெரியவில்லை. மே 9க்குப் பிறகு அந்தக் கப்பலால் அங்கே போக முடியவில்லை. அடுத்த தடவைக்காகக் கரையில் காத்திருந்தவர்கள் காத்திருந்தபடியே இருந்தார்கள்.

போகும் கப்பல், வரும் கப்பல் என்று பிறகு நிறையப் படித்தேன். வங்காள டெல்டாவின் சுந்தரவனத் தீவுகளில் ஓடும் மருத்துவப் படகுகளுக்கு, 'சிட்டி ஆஃப் ஜாய்' எழுதிய தொமினிக் லப்பியர் தன் புத்தக வருமானத்திலிருந்து பணம் கொடுத்தார். 1994இல் ஈவ் மார் என்ற பிரெஞ்சுக்காரர் ஒரு பழைய ஆற்றுச் சரக்குப் படகை பிரான்சிலிருந்து வங்காளதேசம் வரை ஓட்டிவந்தார். அது பின்னால் ரூனா கான் தொடங்கிய 'ஃப்ரெண்ட்ஷிப்' அமைப்பின் மிதக்கும் ஆஸ்பத்திரி ஆயிற்று. கிரீன்பீஸ்காரர்கள் அணுசக்திக்கும் திமிங்கில வேட்டைக்கும் எதிராக ஓட்டிய இரண்டாவது 'ரெயின்போ வாரியர்' கப்பலும் 2011இல் அந்த ஃப்ரெண்ட்ஷிப் அமைப்பிடமே வந்து, 'ரங்தனு' என்ற பெயரில் கடலோர ஜனத்துக்கு மருத்துவம் பார்த்தது. வெள்ளைக் கப்பல்களில் பேர்போனது அமெரிக்காவின் 'ஹோப்'. வில்லியம் வால்ஷ் என்ற டாக்டர் கடற்படையிடமிருந்து வாங்கி 1960இல் கிளப்பிய கப்பல், 1968இல் கொழும்புக்கும் வந்தது, 1974இல் ஓய்வு பெற்றது.

இந்தக் கப்பல்களையெல்லாம் ஒரே தட்டில் வைக்க எனக்கு மனசில்லை. கண்புரையும் பிளவுண்ட உதடும் ஒரு தடவை கத்தி பட்டால் தீர்ந்தது. அதற்கு எத்தனை தூரத்திலிருந்து கப்பல் வந்தாலும், வந்தது லாபம். தடுப்பூசிக்கும் கர்ப்பத்துக்கும் சர்க்கரைக்கும் பிரஷருக்கும் அது உதவாது. முதல் ஊசி போட்டுவிட்டு இரண்டாவதுக்கு வராமல் போகிறவரை நம்பி ஒரு தாய் பிள்ளையை நீட்டமாட்டாள். அந்தத் திட்டில் நான் பார்த்த பெண்கள் தாய்-சேய் அட்டையை பிளாஸ்டிக் உறையில் போட்டு, மூங்கில் கூரையின் சந்தில் செருகி வைத்திருந்தார்கள். வீட்டைப் பிரித்து எடுத்துப் போகும்போது அட்டையும் போகிறது. அதில் அடுத்த தேதி எழுதியிருக்கிறது. அந்தத் தேதிக்குப் படகு வருகிறது. அவ்வளவுதான் மருத்துவம் என்று சொன்னால் டாக்டர்கள் கோபித்துக்கொள்வார்கள், ஆனால் பாதி அதுதான்.

2024 நவம்பர் கடைசியில் ஃபெஞ்சல் புயல் கரை ஏறியபோது புதுச்சேரியில் ஒரே நாளில் 48 சென்டிமீட்டருக்கு மேல் மழை. ரெண்டு நாளில் சாத்தனூர் அணை திறந்து தென்பெண்ணை பொங்கி, நான் பெட்டியோடு நடந்த பாகூர் ஊர்களுக்குள் தண்ணீர். என்னோடு வேலை பார்த்த பெண்ணுக்கு போன் போட்டேன். "இருக்கா, அப்புறம் பேசறேன், லிஸ்ட்டு பாக்கறேன்" என்றாள். எந்தத் தெருவில் யாருக்கு எப்போது தேதி என்ற கர்ப்பிணிப் பட்டியல்தான் அது. படகில் வருகிறவர்களுக்கு முதலில் எந்த வாசலில் நிறுத்துவது என்று அதுதான் சொல்லும். கேரளாவில் 2018 வெள்ளத்தில் மீனவர்கள் தங்கள் படகுகளை லாரியில் ஏற்றிக் கொண்டுபோய் ஜனத்தைக் காப்பாற்றினார்கள், உலகமே பாராட்டியது. பாராட்ட வேண்டியதுதான். பட்டியல் வைத்திருந்தவர்களுக்கு யாரும் மாலை போட்டதாக நான் கேள்விப்படவில்லை.

என் தம்பி மகள் நர்சிங் முடித்திருக்கிறாள். ஒருநாள் போனில் ஒரு படம் காட்டினாள். மெர்சி ஷிப்ஸ் என்ற அமைப்பின் 'குளோபல் மெர்சி', ஆஸ்பத்திரியாகவே கட்டிய கப்பல், ஆறு ஆபரேஷன் தியேட்டர். ஆப்பிரிக்கத் துறைமுகங்களில் மாதக்கணக்கில் நின்று இலவசமாக அறுவை சிகிச்சை செய்கிறார்கள். "போனா இதுல போவணும் அத்தை" என்றாள். போடி, கண்டிப்பா போ என்றேன். கப்பல் கிளம்பின பிறகு தையல் பிரிக்கறது யாரு, அங்க இருக்கற நர்ஸுங்களுக்குச் சொல்லிக்குடுத்துட்டு வர்றாங்களான்னு மட்டும் கேட்டுக்க என்றேன். சொல்லிக்கொடுப்பார்களாம், உள்ளூர் ஆட்களுக்குப் பயிற்சி தருவது அவர்கள் வேலையில் பாதியாம். அதையும் பார்த்து வைத்திருக்கிறாள்.

"ஆனா அத்தை, அதுல தொண்டு செய்யப் போறவங்க கைக்காசு கட்டித்தான் தங்கணுமாம். சம்பளம் கெடையாது."

"அப்ப என்ன பண்ணப் போற?"

"ஒப்பந்த வேலைக்கு எழுதிப் போட்டிருக்கேன், பாகூர் பக்கம். ரெண்டு மூணு வருசம் பாத்து காசு சேத்துக்கிட்டு அப்புறம் கப்பல்."

சரி என்றேன். ஐஸ் பேக் வைக்கத் தெரியுமா என்று கேட்டதற்கு, அதெல்லாம் காலேஜிலேயே சொல்லிக்கொடுத்துவிட்டார்கள் என்றாள்.